திசையே பெயராக இருந்த மாகாணம்: வடமேற்கு எல்லையைப் பற்றிப் பேசுவோம்

#1 பொதிகைச்சாரல்

எங்கள் அப்பா தொடக்கப் பள்ளி ஆசிரியர். வீட்டுத் தாழ்வாரத்தில் ஒரு படம் மாட்டியிருப்பார். காந்தியும், அவரைவிட ஒரு முழம் உயரமான ஒருவரும் நடந்து போவார்கள். "யாருப்பா அது?" என்றால் "எல்லைக் காந்தி" என்பார். "எந்த எல்லை?" "வடமேற்கு எல்லை மாகாணம்." "அது திசைப்பா. அந்த ஊருக்குப் பேர் என்ன?" என்று ஒருநாள் கேட்டேன். அப்பா கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "அதுக்குப் பேரே அதுதான்" என்றார்.

அப்பா போய் ஆறு வருடம் ஆகிறது. போன மாதம் வெள்ளையடிக்கப் படத்தைக் கழற்றியபோது அந்தக் கேள்வி மறுபடி நினைவுக்கு வந்தது. ஒரு மாதமாகக் கிடைத்ததையெல்லாம் படித்தேன். மனசை உறுத்தியதை இங்கே வைக்கிறேன்.

1849இல் சீக்கியர்களிடமிருந்து பஞ்சாபைப் பிடித்தபோது, இன்று பாகிஸ்தானில் இருக்கும் பெஷாவர் சமவெளியும் கூடவே வெள்ளைக்காரன் கைக்கு வந்தது. ஐம்பது வருடம் பஞ்சாபோடுதான் இருந்தது. கர்சன் பிரபு 1901 நவம்பர் 9ஆம் தேதி அதைத் தனியாகப் பிரித்தார். ஹசாரா, பெஷாவர், கோஹாட், பன்னு, தேரா இஸ்மாயில் கான் என்று ஐந்து மாவட்டங்கள். அவற்றுக்கு மேற்கே மலைகளில் மாலகண்ட், கைபர், குர்ரம், வட வஜீரிஸ்தான், தென் வஜீரிஸ்தான் என்று ஐந்து ஏஜென்சிகள். அதற்கும் அப்பால் 1893இல் மார்டிமர் டியூரண்டும் அமீர் அப்துர் ரஹ்மானும் ஒப்புக்கொண்ட டியூரண்ட் கோடு, அதைத் தாண்டினால் ஆப்கானிஸ்தான்.

ஆக அங்கே எல்லை ஒன்றல்ல, இரண்டு. முதல் எல்லையில் நிலவரியும் கோர்ட்டும் முடிந்துவிடும். இரண்டாவது எல்லையில் ராஜ்ஜியமே முடியும். நடுவில் இருந்த பட்டையில் அப்ரிதி, மொஹ்மந்த், வஜீர், மஹ்சூத் மக்கள் வாழ்ந்தார்கள். அரசாங்கத்தின் பீரங்கி அவர்களிடம் வரும், சட்டப் புத்தகம் வராது.

மற்ற மாகாணங்களுக்கு 1919 சீர்திருத்தத்தில் சட்டசபையும் மந்திரிகளும் வந்தார்கள். இவர்களுக்கு வரவில்லை, 1932 வரை காத்திருந்தார்கள். அதற்குச் சைமன் கமிஷன் சொன்ன நியாயம் என் மனசைவிட்டுப் போகவில்லை: வெடிமருந்துக் கிடங்கில் குடியிருக்கிறவனுக்குச் சிகரெட் பிடிக்கிற உரிமையைக் குறைத்துத்தான் ஆகவேண்டும் என்றது. அந்த வீட்டை வெடிமருந்துக் கிடங்காக்கியது யார் என்று ஒரு வார்த்தை இல்லை.

ஆண்டவர்களுக்கு அந்த மண் ஒரு மதில். மதிலுக்கு எதற்குப் பெயர்? பெயர் இல்லாமல் போனது அதனால்தான் என்று நினைக்கிறேன். தெரிந்தவர்கள் சொல்லுங்கள், தப்பு இருந்தால் திருத்துங்கள்.

#2 கல்வெட்டுப்பித்தன்

தம்பி, நல்ல இழை. முப்பது வருடம் வரலாறு நடத்தியவன், ஆனாலும் இந்தக் கோணத்தில் நான் யோசித்ததில்லை.

ஒரு சிறு சேர்க்கை. அங்குள்ளவர்கள் பேச்சில் அது 'சூபா சரஹத்'. சூபா என்றால் மாகாணம், சரஹத் என்றால் எல்லை. 'சரஹதி காந்தி' என்று வடக்கே சொன்னதைத்தான் நாம் எல்லைக் காந்தி ஆக்கினோம். அவருடைய பெயர் கான் அப்துல் கஃபார் கான், சொந்த மக்கள் அவரை பாச்சா கான் என்பார்கள். பெஷாவர் விமான நிலையத்துக்கும் இன்று அந்தப் பெயர்தான்.

அந்த மண்ணின் மக்களைப் பஷ்தூன், பக்தூன் என்று இரண்டு விதமாகப் படித்துக் குழம்புகிறவர்களுக்காக இன்னொன்று: இரண்டும் ஒரே சொல். அவர்கள் மொழியில் ஒரு எழுத்து உண்டு. கந்தஹார் பக்கத்தார் அதை 'ஷ' என்று உச்சரிப்பார்கள், பெஷாவர் பக்கத்தார் அடித்தொண்டையிலிருந்து 'க்ஹ' என்பார்கள். எழுதும்போது எழுத்து மாறாது. நம் மதுரைக்காரரும் நாகர்கோவில்காரரும் வாயைத் திறந்தாலே ஊர் தெரிந்துவிடுவது போலத்தான்.

#3 வைகை வக்கீல்

பெயரைவிடப் பெரிய விஷயம் சட்டம். அதைப் பேசாமல் இந்த மாகாணத்தைப் பேசவே முடியாது.

1901இல் மாகாணத்தோடு சேர்த்து ஒரு சட்டத்தையும் கொண்டுவந்தார்கள். எல்லைப்புறக் குற்ற ஒழுங்குமுறைச் சட்டம், சுருக்கமாக எஃப்.சி.ஆர். இதற்கு முன்னோடிகள் 1872லும் 1887லும் இருந்தன. 1901இல் கெட்டிப்பட்ட வடிவம்தான் நூறு வருடத்துக்கு மேல் நின்றது. மாவட்டங்களிலிருந்து காலப்போக்கில் போய்விட்டது, மலைப் பட்டையில் மட்டும் 2018 வரை இருந்தது. தேதியைக் கவனியுங்கள். பாகிஸ்தான் பிறந்து 70 வருடம் கழித்து!

அது நடக்கிற விதத்தைச் சொல்கிறேன். ஏஜென்சிக்கு ஒரு பொலிட்டிகல் ஏஜென்ட். கலெக்டர், போலீஸ், நீதிபதி, கஜானா எல்லாம் அவரே. அவருக்குக் கீழே 'மலிக்' என்ற ஊர்ப் பெரியவர்கள். அவர்களுக்கு அரசாங்கப் படி உண்டு. ஒரு குற்றம் நடந்தால் ஏஜென்ட் ஒரு ஜிர்காவை, அதாவது பெரியவர்கள் கூடிப் பேசும் சபையை, அமைப்பார். உட்காரப்போவது யார் என்று முடிவு செய்வது அவர்தான். ஜிர்கா கருத்துச் சொல்லும், தண்டனை அவர் தருவார், 14 வருடம் வரைக்கும். உண்மையான பஷ்தூன் ஜிர்காவில் எல்லோரும் வட்டமாக உட்காருவார்கள், யாருக்கும் தலைமை நாற்காலி கிடையாது. வெள்ளைக்காரன் வட்டத்தை அப்படியே வைத்துக்கொண்டு நடுவில் தன் நாற்காலியைப் போட்டான்.

இதைவிடக் கொடுமை கூட்டுப் பொறுப்பு. ஒருவன் குற்றம் செய்து ஓடிவிட்டால் அவன் குலத்தார் யாரையும் பிடிக்கலாம், கடையைப் பூட்டலாம், ஆடுமாட்டை ஜப்தி செய்யலாம், வீட்டை இடிக்கலாம். பெண்களையும் 16 வயதுக்குட்பட்ட பிள்ளைகளையும் 65 தாண்டிய முதியவர்களையும் இப்படிப் பிடிக்கக்கூடாது என்ற திருத்தமே 2011இல்தான் வந்தது.

40ஆம் பிரிவு என்று ஒன்று. 'அமைதியாக இருப்பேன்' என்று ஜாமீன் கொடுக்காதவனை மூன்று வருடம் உள்ளே வைக்கலாம். பாச்சா கானை 1921இல் இந்தப் பிரிவில்தான் பிடித்தார்கள். அப்போது அவர் உத்மான்சாய் கிராமத்தில் பள்ளிக்கூடம் நடத்திக்கொண்டிருந்தார். மூன்று வருடம் கடுங்காவல்!

அங்கே ஒரு வழக்குச் சொல் உண்டு: எஃப்.சி.ஆரில் வக்கீல் இல்லை, தலீல் இல்லை, அப்பீல் இல்லை. தலீல் என்றால் சாட்சியம், வாதம். அந்த வரியைப் படித்தபோது தொண்டை அடைத்துவிட்டது. ஏனென்றால் வக்கீல், வக்காலத்து, வாய்தா, ஜாமீன், ஜப்தி எல்லாம் நான் காலையிலிருந்து மாலை வரை கோர்ட்டில் புழங்குகிற சொற்கள். பாரசீகமும் அரபியும் நமக்கு விட்டுப்போனவை. அந்தச் சொற்களோடு இன்னும் நெருக்கமாக வாழ்கிறவர்களுக்கு அவற்றின் பலன் மட்டும் கிடைக்கவில்லை.

1973 அரசியல் சட்டத்தின் 247ஆம் பிரிவு உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும் அந்தப் பட்டைக்குள் நுழையக்கூடாது என்றே எழுதி வைத்தது. எழுதியவன் வெள்ளைக்காரன் இல்லை.

#4 பாலைப்பயணி

வக்கீல் அண்ணே, நீங்க எழுதினதைப் படிச்சதும் கையெல்லாம் ஒரு மாதிரி ஆயிடுச்சு. இந்தச் சட்டத்துல மாட்டின ஒருத்தரை எனக்கு நேரா தெரியும்.

ஷார்ஜாவுல ஒரு யார்டுல நான் ஸ்டோர் கீப்பரா இருந்தேன். 2011லேர்ந்து அஞ்சு வருஷம். ட்ரெய்லர் ஓட்டுற டிரைவருங்க பாதிப்பேர் பட்டாணிங்க, அதான் நீங்க சொல்ற பஷ்தூனுங்க. வட வஜீரிஸ்தான்காரர் ஒருத்தர் எனக்கு ரொம்ப நெருக்கம், 'கான் பாய்'னு கூப்பிடுவேன், எல்லாரையும் அப்படித்தான் கூப்பிடுவோம். ராத்திரி லோடு வராத நாள்ல அவர் பச்சை டீ போடுவார். சின்னக் கெட்டில், ஏலக்காய், கைப்பிடி இல்லாத கோப்பை. என் கோப்பை காலியாறதை அவர் பார்த்துக்கிட்டே இருப்பார். போதும்னா கோப்பையைக் கவுத்து வைக்கணும், அது தெரியாம முதல் நாள் ஆறு கோப்பை குடிச்சேன்.

ஒருநாள் சொன்னார். அவங்க ஊர் ரோட்டுல ராணுவ வண்டிக்குக் கீழ குண்டு வெடிச்சிருக்கு. யார் வெச்சான்னு தெரியல. ரோடு எந்தக் குலத்து நிலத்துல போகுதோ அந்தக் குலம் மொத்தமும் பொறுப்பு. பஜார்ல அந்தக் குலத்துக் கடையெல்லாம் பூட்டி அரக்கு வெச்சுட்டாங்க. அவர் அண்ணனோட டயர் கடையும் போச்சு. குண்டு வெடிச்ச அன்னிக்கு அண்ணன் நூறு மைல் தள்ளி சரக்கு எடுக்கப் போயிருந்தார், ரசீது கையில இருந்தது. "யாருகிட்ட காட்டுறது?"னு என்னைக் கேட்டார். அந்தக் கேள்விதான் எனக்கு இன்னும் மறக்கல. நாலு மாசம் கழிச்சு கடையைத் திறந்தப்ப வெயில்ல டயரெல்லாம் வெடிச்சுக் கிடந்துச்சாம்.

அண்ணே, எனக்கு அப்ப இது சட்டம்னே தெரியாது. ஏதோ அதிகாரி அராஜகம்னு நெனச்சேன். நூறு வருஷமா எழுதி வெச்ச சட்டம்னு இன்னிக்குத்தான் தெரியுது.

#5 நேர்கோடு

இழையைத் தொடங்கியவரின் அக்கறை புரிகிறது. ஆனால் இரண்டு இடத்தில் எனக்கு உடன்பாடில்லை.

ஒன்று, பெயர். மத்திய மாகாணம், ஐக்கிய மாகாணம் இரண்டும்கூட மக்கள் பெயர் இல்லாதவைதான். வெள்ளைக்காரன் நிர்வாக வசதிக்கு வைத்த பெயர்கள். வடமேற்கை மட்டும் தனியாகப் பிரித்துச் சோகம் பாடுவது சரியா?

இரண்டு, எல்லைக் காந்தியை வைத்தே அந்த மாகாணத்தைப் பார்ப்பது. இந்தியாவில் நமக்கு அவரைப் பிடிக்கும், அதனால் அந்த மக்கள் எல்லோரும் அவர் பின்னால் நின்றதாகக் கற்பனை செய்துகொள்கிறோம். இந்தியாவா பாகிஸ்தானா என்று கேட்ட 1947 வாக்கெடுப்பில் என்ன நடந்தது என்று பார்த்துவிட்டுப் பேசலாம்.

#6 கல்வெட்டுப்பித்தன்

நேர்கோடு கேட்டது நியாயமான கேள்விதான். வாக்கெடுப்புக்கு வருவோம். அதற்கு முன் 1930ஐச் சொல்லாமல் தாண்டினால் பாதிக் கதை போய்விடும்.

1929இல் குதாயி கித்மத்கார் ஆரம்பமானது. 'இறைவனின் தொண்டர்கள்'. ஊருக்கு ஊர் 'ஹுஜ்ரா' என்று ஒரு பொது முற்றம் உண்டு, விருந்தாளி தங்குவதும் ஊர்ப் பேச்சு நடப்பதும் அங்கேதான். ஆள் சேர்த்தது பெரும்பாலும் அந்த ஹுஜ்ராக்களில். வெள்ளைத் துணி புழுதியில் அழுக்காகிறது என்று உள்ளூர்த் தோல் பதனிடுகிறவர்களிடம் கொடுத்து மலிவான சாயத்தில் முக்கினார்கள். செங்கல் நிறம் ஏறியது. 'செஞ்சட்டைக்காரர்கள்' என்ற பெயர் அப்படி வந்தது. அந்த நிறத்தைப் பார்த்து போல்ஷெவிக் கூட்டம் என்று அரசாங்கம் பயந்தது. பழிக்குப் பழி வாங்க மாட்டேன் என்று தொண்டர் சத்தியம் செய்யவேண்டும். 'பதல்', அதாவது பழிவாங்கல், பஷ்தூன் மரபில் மானத்தோடு ஒட்டியது. அதை விட்டுக்கொடுப்பதாகச் சத்தியம் செய்வது எவ்வளவு பெரிய காரியம் என்பது அந்த மரபுக்குள் பிறந்தவனுக்குத்தான் தெரியும்.

1930 ஏப்ரல் 23. அன்று நம் பக்கம் ராஜாஜியின் தொண்டர்கள் திருச்சியிலிருந்து வேதாரண்யத்துக்கு நடந்துகொண்டிருந்தார்கள். அதே உப்புச் சத்தியாகிரக அலைதான் பெஷாவரிலும். காலையில் காங்கிரஸ் தலைவர்களைப் பிடிக்கிறார்கள். இரண்டு பேரை ஏற்றிய போலீஸ் லாரியின் டயர் வழியில் போய்விடுகிறது. "நாங்களே ஸ்டேஷனுக்கு வந்துவிடுகிறோம்" என்று அவர்கள் இறங்கி நடக்க, ஊர்வலமாக ஜனம் கூடவே காபூல் வாசல் ஸ்டேஷனுக்குப் போகிறது. அதை ஒட்டித்தான் கிஸ்ஸா க்வானி பஜார், கதைசொல்லிகளின் கடைத்தெரு. காபூலிலிருந்தும் சமர்கண்டிலிருந்தும் வந்த வணிகர்கள் டீக்கடைகளில் உட்கார்ந்து கதை கேட்ட தெரு அது.

கூட்டம் கலைய ஆரம்பித்த நேரத்தில் கவச மோட்டார்கள் வேகமாக உள்ளே வந்து ஆட்கள் மேல் ஏறின. ஒரு கவச மோட்டார் எரிந்தது, மோட்டார் சைக்கிளில் வந்த சிப்பாய் ஒருவர் செத்தார். பிறகு துப்பாக்கிச் சூடு. பிணங்களை எடுத்துக்கொண்டு போக விடுங்கள், ராணுவமும் போகட்டும், நாங்களும் போகிறோம் என்று ஜனம் கேட்டது. ராணுவம் நகரவில்லை, மறுபடி சுட்டது. மணிக்கணக்கில் நடந்தது. அரசாங்கம் 30 பேர் என்ற அளவில் கணக்குச் சொன்னது. ஊர் சொன்ன கணக்கு பல மடங்கு அதிகம்.

இதற்கு நடுவில் நடந்த ஒன்றுக்காகவே இந்த நாளை நான் வகுப்பில் தனியாக நடத்துவேன். ராயல் கட்வால் ரைஃபிள்ஸ் படையினரை நகரத்துக்குள் போகச் சொன்னபோது, ஆயுதமில்லாத ஜனங்களைச் சுட மாட்டோம் என்றார்கள். இமயமலை இந்துச் சிப்பாய்கள், எதிரே நின்றவர்கள் பஷ்தூன் முஸ்லிம்கள். சந்திர சிங் கட்வாலிக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது, மற்றவர்களுக்கும் சிறை. பெஷாவர் நகரம் சில நாள் அரசாங்கத்தின் கையை விட்டே போயிருந்தது.

#7 நேர்கோடு

ஐயா, கட்வால் சிப்பாய்கள் விஷயத்தில் எனக்கு எந்த மறுப்பும் இல்லை. அது பெரிய செயல்.

வாக்கெடுப்புக்கு வருகிறேன். 1947 ஜூலை 6 முதல் 17 வரை நடந்தது. மொத்த வாக்காளர் 5,72,798. பாகிஸ்தானுக்கு 2,89,244. இந்தியாவுக்கு 2,874. காங்கிரஸ் புறக்கணித்தது என்பீர்கள், தெரியும். ஆனால் கணக்குப் போட்டுப் பாருங்கள்: புறக்கணித்தவர்கள் அத்தனை பேரும் வந்து எதிராகப் போட்டிருந்தாலும், பதிவான வாக்காளர்களில் பாதிக்கு மேல் ஏற்கனவே பாகிஸ்தான் பக்கம் போட்டாகிவிட்டது. 50.5 சதவீதம்.

1946 அக்டோபரில் நேரு பழங்குடிப் பகுதிக்குப் போனபோது கல்லெறி விழுந்ததையும் மறக்கக்கூடாது. காற்று மாறிவிட்டது, நாம் பார்க்க மறுக்கிறோம்.

#8 பொதிகைச்சாரல்

உங்கள் கணக்கு சரி. நானும் போட்டுப் பார்த்தேன். இதுவரை எழுதியதில் நான் அதைச் சொல்லாதது என் குறைதான்.

ஆனாலும் மூன்று விஷயம் கூடவே சேர வேண்டும். 1946 ஜனவரி–பிப்ரவரித் தேர்தலில் அதே மாகாணத்தில் காங்கிரஸ் 50இல் 30 இடம் பிடித்தது, முஸ்லிம் லீக் 17. முஸ்லிம்கள் மிகப் பெரும்பான்மையாக வாழும் ஒரு மாகாணத்தில், பாச்சா கானின் அண்ணன் டாக்டர் கான் சாகிப் தலைமையில் காங்கிரஸ் மந்திரிசபை. ஒன்றரை வருடத்தில் காற்று மாறியது உண்மை. கல்கத்தாவும் பீகாரும் மதக் கலவரத்தில் பற்றி எரிந்தபோது மாறாத காற்று எது?

அடுத்து, வாக்குச்சீட்டில் இரண்டே கேள்விதான். பன்னுவில் 1947 ஜூன் 21 அன்று கூடி, பஷ்தூன்களுக்குத் தனி நாடு என்ற மூன்றாவது வழியும் வேண்டும் என்று தீர்மானம் போட்டார்கள். கொடுக்கவில்லை. வேண்டாத இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடு என்றதால் வீட்டில் இருந்துவிட்டார்கள்.

மூன்றாவதுதான் எனக்கு முக்கியம். வாக்கு இருந்தது ஐந்து மாவட்டத்தாருக்கு மட்டும், அதிலும் சொத்து, வரி, படிப்பு என்ற வரம்புக்குள் வந்தவர்களுக்கு. மலைப் பட்டைக்கு வாக்கே கிடையாது. கல்லெறிந்தது எந்த மலைமக்களோ அவர்களிடமே சீட்டைக் கொடுத்துக் கேட்கவில்லை.

காங்கிரஸ் பிரிவினையை ஏற்றுக்கொண்டபோது "எங்களை ஓநாய்களிடம் எறிந்துவிட்டீர்கள்" என்றார் பாச்சா கான். சொன்னது நம் பக்கத்துத் தலைவர்களைப் பார்த்து. என் அப்பா படத்துக்குப் பூ வைப்பார், இந்த வரியை மட்டும் அவர் எனக்குச் சொன்னதில்லை. அவருக்கே தெரியாதோ என்னவோ.

#9 கல்வெட்டுப்பித்தன்

பிறகு நடந்ததை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். பாகிஸ்தான் பிறந்து ஒரு வாரத்தில், 1947 ஆகஸ்ட் 22 அன்று டாக்டர் கான் சாகிப் மந்திரிசபை கலைக்கப்பட்டது. அடுத்த வருடம் ஆகஸ்ட் 12, சார்சத்தா பக்கத்தில் பாப்ரா என்ற ஊரில் செஞ்சட்டைக்காரர் ஊர்வலத்தின் மேல் துப்பாக்கிச் சூடு. அரசுக் கணக்குக்கும் இயக்கத்தின் கணக்குக்கும் இன்றுவரை பொருந்தவில்லை. கிஸ்ஸா க்வானியில் சுட்டவன் வெள்ளைக்காரன், உலகம் கேட்டது. பாப்ராவை யாரும் கேட்கவில்லை.

1955இல் மாகாணமே இல்லை என்றாகிவிட்டது. மேற்குப் பாகிஸ்தான் முழுவதும் ஒரே யூனிட். அதன் முதல் முதலமைச்சர் யார் தெரியுமா? அதே டாக்டர் கான் சாகிப். தம்பி அந்த ஒரே யூனிட்டை எதிர்த்துச் சிறை போனார். 1958இல் லாகூரில் அண்ணனைக் குத்திக் கொன்றார்கள். 1970இல் மாகாணம் திரும்பக் கிடைத்தது, பழைய திசைப் பெயரோடு.

பாச்சா கான் 1988 ஜனவரி 20 அன்று பெஷாவரில் இறந்தார். வாழ்நாளில் மூன்றில் ஒரு பங்கு சிறையில். தன்னை ஜலாலாபாத்தில் புதைக்கச் சொல்லியிருந்தார், டியூரண்ட் கோட்டுக்கு அந்தப் பக்கம். அங்கே சோவியத் யுத்தம் நடந்துகொண்டிருந்தது. ஆயிரக்கணக்கான ஜனம் பாஸ்போர்ட் இல்லாமல் கைபர் கணவாய் வழியாக உடலோடு போனது. இரண்டு தரப்பும் துப்பாக்கியைக் கீழே வைத்தன. அப்படியும் அங்கே குண்டு வெடித்து வந்தவர்கள் சிலர் இறந்துபோனார்கள்.

#10 தஞ்சைக்காரி

இவ்வளவு படித்தேன், ஒரு பெண் பெயர்கூட வரவில்லையே ஐயா? பாச்சா கான் 1928இல் ஆரம்பித்த 'பக்தூன்' பத்திரிகையில் பெண்களும் எழுதினார்கள். அந்த மண்ணில், அந்தக் காலத்தில். அதையாவது ஒருவர் சொல்லியிருக்கலாம்.

வாக்கு பற்றி நானும் ஒன்று சேர்க்கிறேன். மலைப் பட்டையில் எல்லோருக்கும் வாக்குரிமை வந்ததே 1997 தேர்தலில்தான். அதுவரை மலிக்குகள், சுமார் 35,000 பேர், அவர்கள் மட்டுமே போட்டார்கள். நாடாளுமன்ற உறுப்பினர் பதவிக்கு ஆண்களே ஆண்களுக்குப் போட்டார்கள்.

மாவட்டங்களில் சட்டப்படி உரிமை இருந்தும், பல ஊர்களில் எல்லாக் கட்சிக்காரர்களும் கூடி 'நம் வீட்டுப் பெண்கள் வரவேண்டாம்' என்று ஒப்பந்தம் போட்டுக்கொள்வார்கள். ஜென்ம விரோதிகள்கூட இதில் ஒற்றுமை. 2017 தேர்தல் சட்டம் வந்த பிறகு, பெண்கள் வாக்கு பத்து சதவீதத்துக்குக் கீழே போனால் தேர்தலை ரத்து செய்யலாம். 2018இல் ஷாங்லா தொகுதியில் அப்படி ரத்து செய்து மறு தேர்தல் வைத்தார்கள். அதே வேட்பாளர்தான் மறுபடி ஜெயித்தார், ஆனால் இந்தத் தடவை பெண்கள் வரிசையில் நின்றார்கள். 2024இல் புனேர் பொதுத் தொகுதியில் சவீரா பர்காஷ் என்ற இந்துப் பெண் டாக்டர் நின்றார். தோற்றார். நின்றதே எனக்குப் பெரிது.

ஸ்வாத்தில் மலாலாவைச் சுட்டதை உலகம் அறியும். 2014 டிசம்பர் 16 அன்று பெஷாவர் ராணுவப் பள்ளியில் 130க்கும் மேற்பட்ட பிள்ளைகளைக் கொன்றார்கள். நான் பள்ளி ஆசிரியை. அன்று மாலை வகுப்பறையைப் பூட்டும்போது காலி பெஞ்சுகளைப் பார்க்க முடியவில்லை. இதற்கு மேல் எழுத வரவில்லை.

#11 வைகை வக்கீல்

சகோதரி சொன்னது சரி, அந்தக் குறை எனக்கும் உண்டு.

பெயர் விஷயத்தை முடித்துவிடலாமா? 1997லேயே மாகாண சட்டசபை 'பக்தூன்க்வா' என்று பெயர் மாற்றத் தீர்மானம் போட்டது. மத்தியில் கேட்கவில்லை, அதனால் அங்கே கூட்டணியே உடைந்தது. கடைசியில் 2010 ஏப்ரலில் 18ஆவது திருத்தத்தில் 'கைபர் பக்தூன்க்வா' ஆனது. முன்னால் உள்ள 'கைபர்' ஒரு சமரசம்.

அந்தச் சமரசமும் போதவில்லை. கிழக்கே ஹசாரா மக்கள் பெரும்பாலும் ஹிந்த்கோ பேசுகிறவர்கள். 'எங்கள் மாகாணத்துக்கு அவர்கள் மொழிப் பெயரா?' என்று தெருவுக்கு வந்தார்கள். ஏப்ரல் 12 அன்று அப்போட்டாபாத்தில் துப்பாக்கிச் சூடு, ஏழு பேர் இறந்தார்கள். தனி ஹசாரா மாகாணம் வேண்டும் என்ற குரல் இன்றும் இருக்கிறது. அப்போட்டாபாத் என்பதே ஜேம்ஸ் அப்பட் என்ற வெள்ளைக்கார அதிகாரியின் பெயர் என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

#12 பொதிகைச்சாரல்

ஹசாரா விஷயம் எனக்குப் புதிது, உண்மையில் அதிர்ச்சி. பெயர் கிடைத்ததை நான் முழு வெற்றியாக எழுதி வைத்திருந்தேன். ஒருவருக்குப் பெயர் கிடைத்த அதே நாளில் பக்கத்து வீட்டுக்காரனுக்கு அது பறிபோனதாகத் தோன்றியிருக்கிறது. பெஷாவர் நகரத்தின் பழைய குடும்பங்களும் ஹிந்த்கோ பேசியவர்கள்தான், திலீப் குமார் குடும்பம் உட்பட. சித்ராலில் கோவார், தேரா இஸ்மாயில் கான் பக்கம் சராய்க்கி. 2023 கணக்கெடுப்பில் நாலு கோடிப் பேர். ஒற்றைப் பெயரில் அடங்குகிற இடம் இல்லை.

நேர்கோடு சொன்ன மத்திய மாகாணம், ஐக்கிய மாகாணம் இரண்டும் சுதந்திரம் வந்த மூன்று வருடத்துக்குள் பெயர் மாறிவிட்டன. இதற்கு அறுபது வருடத்துக்கு மேல் ஆயிற்று. அந்த இடைவெளியைத்தான் நான் சொல்ல வந்தேன். மற்றபடி வக்கீல் அண்ணன் சொன்னதை ஏற்றுக்கொள்கிறேன். பெயரைவிடச் சட்டம்தான் பெரிது.

#13 நேர்கோடு

மாறிய வருடங்களைப் பார்த்தேன், சரிதான். அந்த வாதத்தை விட்டுவிடுகிறேன். வாக்கெடுப்பில் நான் சொன்னதில் நிற்கிறேன்.

2018க்குப் பிறகு என்ன ஆயிற்று என்று யாராவது எழுதுங்களேன்.

#14 வைகை வக்கீல்

2018 மே 31 அன்று 25ஆவது திருத்தம் கையெழுத்தானது. எஃப்.சி.ஆர். போயிற்று, மலைப் பட்டை மாகாணத்தோடு சேர்ந்தது. 2019 ஜூலை 20 அன்று முதன்முறையாக அந்த மக்கள் மாகாண சட்டசபைக்கு வாக்களித்தார்கள். பழைய 'காசதார்' காவலர்கள் போலீஸ் ஆனார்கள். தருவதாகச் சொன்ன வளர்ச்சிப் பணம் சொன்னபடி வரவில்லை என்று மாகாண அரசே திரும்பத் திரும்பக் கேட்கிறது.

அதே 2018இல்தான் மன்சூர் பஷ்தீன் தலைமையில் இளைஞர் இயக்கம் எழுந்தது. காணாமல் போனவர்கள் எங்கே, வயலில் புதைத்த கண்ணிவெடியை எடு, சோதனைச்சாவடியில் மரியாதையாக நடத்து என்று கேட்டார்கள். துப்பாக்கி எடுக்கவில்லை. 2024 அக்டோபரில் அந்த இயக்கத்தைத் தடை செய்தார்கள். 2025 அக்டோபரில் கைபர் மாவட்டத்தைச் சேர்ந்த சோஹைல் அப்ரிதி முதலமைச்சர் ஆனார். பழைய பட்டையிலிருந்து ஒருவர் அந்த நாற்காலிக்கு வருவது இதுதான் முதல் தடவை.

#15 பாலைப்பயணி

இந்த இழையைப் படிச்சுட்டு வெள்ளிக்கிழமை கான் பாய்க்குப் போன் போட்டேன். ரெண்டு வருஷம் ஆச்சு பேசி.

2014 ஜூன்ல அங்க ராணுவ நடவடிக்கை ஆரம்பிச்சப்ப கிட்டத்தட்ட பத்து லட்சம் ஜனம் மலையை விட்டு இறங்குச்சு. அவர் வீட்டுக்காரங்க ரெண்டு நாள் நடந்து பன்னு வந்தாங்க. யார்டுல அவர் போனைக் கையில வெச்சுக்கிட்டு ராத்திரி பூரா உட்கார்ந்திருந்தது எனக்குத் தெரியும். திரும்பிப் போனப்ப பஜாரே இல்லை, டயர் கடையும் இல்லை, எடம் மட்டும் இருந்துச்சு. இப்ப அந்த எடத்துக்குப் பக்கத்துக்காரன் உரிமை கொண்டாடுறான்.

"கேஸ் போட்டிருக்கோம்"னு சொன்னார். முன்னாடின்னா ஜிர்காவுல யாரை உட்கார வைக்கிறாங்களோ அவங்க சொன்னதுதான். இப்ப வக்கீல் வெச்சிருக்காங்க, வக்காலத்துல அண்ணன் கையெழுத்துப் போட்டிருக்காரு. கோர்ட்டு மலைக்குக் கீழ பக்கத்து மாவட்டத்துல இருக்கு, போக வர ஒரு நாள் போயிடுது, அஞ்சாவது தடவையா தள்ளி வெச்சிருக்காங்களாம். அலுத்துக்கிட்டுத்தான் சொன்னார்.

நான் கேட்டேன், "அன்னிக்கு அண்ணன் சரக்கு எடுத்த ரசீது இருக்குன்னீங்களே, அது என்ன ஆச்சு?"

அண்ணன் அதை பத்திரமா வெச்சிருந்தாராம். பன்னுவுக்கு நடந்து வந்தப்பக்கூட சட்டைப் பையில இருந்துச்சாம். கடை அங்க நடந்துச்சுங்கறதுக்கு ஆதாரம்னு இப்ப வக்கீல் வாங்கி ஃபைல்ல வெச்சிருக்கார். அடுத்த வாய்தா ஜனவரியில.